வங்கி கைவிரித்த பிறகு

புகாரை வங்கி நிராகரித்துவிட்டால் கதை முடிந்தது என்று ஒதுங்கிவிடுகிறவர்களே அதிகம். சட்டத்தின் பார்வையில் அந்த நிராகரிப்புக் கடிதம்தான் அடுத்த கதவைத் திறக்கும் சாவி. ஆனால் ஒவ்வொரு கதவுக்கும் ஒரு காலக்கெடு இருக்கிறது.

பிரேசிலில் வேலை பார்த்துவந்த கேரளத்துக்காரர் அவர். அவரது ஸ்டேட் வங்கிக் கணக்கிலிருந்து 2015 மார்ச்சில் சில நாட்களுக்குள் சுமார் ரூ. 2.4 லட்சம் காணாமல் போனது. பணம் எடுக்கப்பட்டது பிரேசில் நாட்டு ஏடிஎம்களில். எடுத்தது தான் அல்ல என்றார் அவர். வங்கியோ ஒவ்வொரு முறை பணம் எடுக்கப்பட்டபோதும் அவரது மொபைலுக்கு எஸ்எம்எஸ் போனது. உடனே கார்டை முடக்கச் சொல்லாதது அவரது தவறு. நாங்கள் பொறுப்பல்ல என்றது. பணத்தைத் திரும்பப் பெற அவர் சிவில் வழக்குப் போட்டார். விசாரணை நீதிமன்றத்தில் தோற்றார். மேல்முறையீட்டில் ஜெயித்தார். விடாமல் வங்கி கேரள உயர் நீதிமன்றத்துக்குப் போனது.

2019 ஜனவரியில் நீதிபதி பி.பி. சுரேஷ் குமார் அளித்த தீர்ப்பு வங்கியின் வாதத்தை ஏற்கவில்லை. எஸ்எம்எஸ் அனுப்பிவிட்டோம் என்பதை மட்டும் காட்டி வங்கி தன் பொறுப்பிலிருந்து நழுவ முடியாது. எஸ்எம்எஸ் பார்க்கும் பழக்கமே இல்லாத வாடிக்கையாளர்களும் இருக்கலாம். வாடிக்கையாளரின் பணத்தைப் பாதுகாக்கத் தேவையான ஏற்பாட்டைச் செய்வது வங்கியின் கடமை என்பது தீர்ப்பின் சாரம். வங்கியின் 'முடியாது' என்ற பதிலை இறுதி வார்த்தையாக ஏற்றுக்கொண்டிருந்தால் அந்த ரூ. 2.4 லட்சம் போனது போனதுதான்.

பெரும்பாலானவர்கள் ஏற்றுக்கொண்டுவிடுகிறார்கள் என்பதுதான் பிரச்சினை. அதுவும் எல்லையோரத்தில் வாழ்கிறவர்களுக்குத் தயக்கம் இரட்டிப்பு. கேரளத்தில் ஆனைக்கரை என்ற பெயரில் இரண்டு ஊர்கள் உண்டு. ஒன்று பாலக்காடு மாவட்டத்தில் பட்டாம்பி பக்கம். இன்னொன்று இடுக்கியின் ஏல மலையில், குமுளியிலிருந்து வண்டன்மேடு போகும் சாலையில். இரண்டு மாவட்டங்களுமே தமிழக எல்லையைத் தொட்டுக்கொண்டிருப்பவை. கம்பத்திலிருந்தும் போடியிலிருந்தும் ஜீப்பில் ஏறி ஏலத் தோட்டத்துக்கு வருகிறவர்களுக்கு வீடு ஒரு மாநிலம், வேலை இன்னொரு மாநிலம். சம்பளமும், ஏலக்காய் விற்ற காசும், நகைக்கடனும் இப்போது வங்கிக் கணக்கு வழியாகத்தான் நடமாடுகின்றன. கணக்கில் பணம் குறைந்தால் எந்த மாநிலத்தில் யாரிடம் போய் நிற்பது? கிளையிலிருந்து வரும் பதில் மலையாளத்திலோ ஆங்கிலத்திலோ இருந்தால் அதைப் படித்துச் சொல்லவே ஓர் ஆள் தேட வேண்டும்.

இந்தக் கேள்விக்குச் சட்டத்தில் பதில் இருக்கிறது. அந்தப் பதில் பலர் நினைப்பதைவிட வாடிக்கையாளருக்குச் சாதகமானது.

எழுத்தில் வாங்குங்கள்

முதல் பாடம், வாய்மொழிப் புகார் புகாரே அல்ல. கிளை மேலாளரிடம் பத்து முறை பேசியிருக்கலாம். தாளில் எதுவும் இல்லையென்றால் எந்த அமைப்பிலும் அது எடுபடாது. தேதி, தொகை, கணக்கின் விவரம், என்ன நிவாரணம் வேண்டும் என்பதை எழுதிக் கொடுத்து, நகலில் முத்திரையும் தேதியும் வாங்க வேண்டும். வங்கியின் இணையதளத்திலோ தொலைபேசியிலோ புகார் செய்தால் புகார் எண்ணைக் குறித்துவைக்க வேண்டும்.

இரண்டாவது பாடம், நிராகரிப்பையும் காரணத்தோடு எழுத்தில் கேட்க வேண்டும். ஒரு புகாரை முழுமையாகவோ பகுதியாகவோ நிராகரிக்க முடிவு செய்தால், அதை வாடிக்கையாளருக்குச் சொல்வதற்கு முன் வங்கிக்குள்ளேயே இருக்கும் உள் குறைதீர்ப்பாளரின் பார்வைக்கு அனுப்ப வேண்டும் என்று பத்துக்கும் அதிகமான கிளைகள் கொண்ட வணிக வங்கிகளுக்கு 2018இல் ரிசர்வ் வங்கி கட்டளையிட்டது. கிராம வங்கிகளுக்கு அந்த ஏற்பாடு அப்போது பொருந்தவில்லை. ஆகவே பெரிய வங்கியிலிருந்து மறுப்புக் கடிதம் வந்தால், 'இது உள் குறைதீர்ப்பாளர் பார்த்த முடிவா?' என்று கேட்பதில் தவறில்லை. கிளை அளவிலேயே கைவிரித்துவிட்டு அதையே வங்கியின் இறுதி முடிவு என்று சொல்வது விதிக்குப் பொருந்தாது.

மூன்றாவது பாடம், பதிலே வராவிட்டாலும் பரவாயில்லை. 30 நாட்கள் மௌனம் சாதித்தால் அதுவும் நிராகரிப்பைப் போலவே கணக்கில் கொள்ளப்படும்.

பொதுத்துறை வங்கியாக இருந்தால் இன்னொரு ஆயுதமும் உண்டு. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் ரூ. 10 கட்டி, உங்கள் புகார் மீது யார் என்ன குறிப்பு எழுதினார்கள், எந்த விதியைக் காட்டி நிராகரித்தார்கள் என்று கேட்கலாம். 30 நாட்களுக்குள் பதில் தர வேண்டும். அந்தக் குறிப்புகள் பின்னால் வழக்கில் சாட்சியாகும்.

முதல் கதவு: ரிசர்வ் வங்கி

வங்கி வாடிக்கையாளர்களுக்கென்று தனியாக ஒரு குறைதீர்ப்பாளரை நியமிக்கும் திட்டத்தை ரிசர்வ் வங்கி தொடங்கியது 1995 ஜூனில். பின்பு பல முறை மாற்றப்பட்ட அந்தத் திட்டம், 2021 நவம்பர் 12 அன்று பெரிய மாறுதலைக் கண்டது. வங்கிகளுக்கு ஒன்று, வங்கியல்லாத நிதி நிறுவனங்களுக்கு ஒன்று, டிஜிட்டல் பரிவர்த்தனைகளுக்கு ஒன்று என்று இருந்த மூன்று திட்டங்களும் ஒன்றாக்கப்பட்டன. எல்லைகளும் ஒழிக்கப்பட்டன. எந்த ஊர்க் கிளை, எந்த மாநிலம் என்ற கேள்வியே இல்லாமல் ஒரே இணையதளத்தில் புகார் செய்யலாம். காகிதத்தில் எழுதி சண்டிகரில் உள்ள மையத்துக்குத் தபாலிலும் அனுப்பலாம். 14448 என்ற கட்டணமில்லா எண்ணில் தமிழிலும் மலையாளத்திலும் விளக்கம் கேட்கலாம். கட்டணம் கிடையாது. வக்கீலும் தேவையில்லை. உண்மையில், வக்கீல் மூலமாக அனுப்பப்படும் புகாரை இந்தத் திட்டம் ஏற்பதே இல்லை.

2021 திட்டத்தின்படி, பிரச்சினைக்குரிய தொகைக்கு உச்சவரம்பு இல்லை. ஆனால் அதனால் ஏற்பட்ட நஷ்டத்துக்கு ரூ. 20 லட்சம் வரையிலும், மன உளைச்சலுக்கும் அலைச்சலுக்கும் ரூ. 1 லட்சம் வரையிலும்தான் இழப்பீடு தரச் சொல்ல முடியும். வங்கியின் பதில் வந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் புகார் செய்ய வேண்டும் என்றது அந்தத் திட்டம். தொகைகளையும் கெடுக்களையும் ரிசர்வ் வங்கி அவ்வப்போது மாற்றுகிறது என்பதால், ஓராண்டு இருக்கிறதே என்று தள்ளிப்போடுவது ஆபத்து. புகார் எழுதும் நாளில் எந்த விதி நடைமுறையில் இருக்கிறது என்று கிளையில் ஒட்டியிருக்கும் அறிவிப்பைப் பார்த்துக்கொண்டு, மறுப்புக் கடிதம் வந்த சில வாரங்களுக்குள் அனுப்பிவிடுவதே பாதுகாப்பு.

இந்தக் கதவின் குறைகளையும் தெரிந்துகொள்ள வேண்டும். கடன் தர மறுத்தது போன்ற வங்கியின் வணிக முடிவுகளுக்குள் குறைதீர்ப்பாளர் நுழைய மாட்டார். நீண்ட சாட்சி விசாரணை தேவைப்படும் விவகாரத்தையும் திருப்பி அனுப்பலாம். இதே விவகாரம் ஏற்கனவே நீதிமன்றத்திலோ தீர்ப்பாயத்திலோ இருந்தால் தொடவே மாட்டார்.

அவரும் நிராகரித்தால்? ரிசர்வ் வங்கியின் செயல் இயக்குநர் நிலையில் உள்ள மேல்முறையீட்டு அதிகாரியிடம் 30 நாட்களுக்குள் முறையிடலாம். ஆனால் இங்கேதான் பலர் தடுக்கி விழுகிறார்கள். எல்லா நிராகரிப்புக்கும் மேல்முறையீடு இல்லை. போதிய முகாந்திரமில்லை, விரிவான சாட்சியம் தேவை, நஷ்டமே இல்லை என்பன போன்ற காரணங்களுக்காகத் தள்ளப்பட்டால் மேலே போகலாம். 'வங்கியின் சேவையில் குறைபாடு இல்லை' என்று சொல்லித் தள்ளப்பட்டால் 2021 திட்டத்தில் மேல்முறையீட்டுக்கு வழி இல்லை. எனவே குறைதீர்ப்பாளரின் உத்தரவு வந்ததும் அது எந்தப் பிரிவின் கீழ் என்று முதலில் பார்க்க வேண்டும். மேல்முறையீடு இல்லாத உத்தரவு என்றால் காத்திருப்பதில் பொருளில்லை. நேரே அடுத்த கதவுதான்.

தீர்ப்பு உங்கள் பக்கம் வந்தாலும் ஒரு கவனம் தேவை. 30 நாட்களுக்குள் அதை ஏற்றுக்கொள்வதாக எழுத்து மூலம் வங்கிக்குத் தெரிவிக்க வேண்டும். தெரிவிக்காவிட்டால் கையில் கிடைத்த வெற்றி காலாவதியாகிவிடும்.

இரண்டாவது கதவு: நுகர்வோர் ஆணையம்

குறைதீர்ப்பாளர் நிராகரித்தது நீதிமன்றத் தீர்ப்பு அல்ல. அது வாடிக்கையாளரின் மற்ற உரிமைகளை முடக்காது. 2019ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் வங்கிச் சேவையை வெளிப்படையாகவே 'சேவை' என்ற வரையறைக்குள் கொண்டுவருகிறது. மற்ற சட்டங்களில் உள்ள பரிகாரங்களோடு இது கூடுதல் பரிகாரம் என்றும் சொல்கிறது.

2020 ஜூலை 20 அன்று நடைமுறைக்கு வந்த இந்தச் சட்டத்தில் எல்லையோரத்து மக்களுக்கு ஒரு பெரிய வசதி இருக்கிறது. பழைய சட்டத்தில் வங்கியின் கிளை இருக்கும் மாவட்டத்திலோ, சம்பவம் நடந்த மாவட்டத்திலோதான் வழக்குப் போட வேண்டும். இப்போது புகார்தாரர் வசிக்கும் இடத்திலோ வேலை செய்யும் இடத்திலோ போடலாம். கம்பத்தில் வீடும் ஆனைக்கரைத் தோட்டத்தில் வேலையும் உள்ள ஒருவர், கணக்கு கேரளக் கிளையில் இருந்தாலும் தேனி மாவட்ட ஆணையத்தில் தமிழ் தெரிந்தவர்களிடையே நின்று வாதாடலாம். விரும்பினால் இடுக்கி ஆணையத்திலும் போடலாம். தேர்வு அவருடையது.

சேவைக்காகக் கொடுத்த தொகை ரூ. 50 லட்சம் வரை என்றால் மாவட்ட ஆணையம். ரூ. 5 லட்சம் வரை கட்டணமே இல்லை. வக்கீல் வைத்தே ஆக வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. 2025 ஜனவரி முதல் இயங்கும் 'இ-ஜாக்ரிதி' தளத்தில் வீட்டிலிருந்தே மனுவைப் பதிவு செய்யலாம். காணொளியில் விசாரணைக்கு ஆஜராகவும் சட்டத்தில் இடம் உண்டு. உத்தரவை நிறைவேற்ற மறுத்தால் சிறைத் தண்டனை வரை விதிக்க ஆணையத்துக்கு அதிகாரம் இருக்கிறது. மேல்முறையீட்டுக்கு 45 நாள் அவகாசம். பணம் கட்ட உத்தரவிடப்பட்ட வங்கி மேல்முறையீடு செய்ய வேண்டுமானால் பாதித் தொகையை முதலில் கட்டியாக வேண்டும்.

கெடு இரண்டு ஆண்டுகள். அது பிரச்சினை எழுந்த நாளிலிருந்து ஓடத் தொடங்குகிறது. குறைதீர்ப்பாளரிடம் மனு கிடக்கிறதே என்று இருந்துவிட்டால், இங்கே கெடு கடந்துவிட்டது என்று வங்கி வக்கீல் முதல் நாளே எழுந்து நிற்பார். தாமதத்தை மன்னிக்க ஆணையத்துக்கு அதிகாரம் உண்டு. அதை நம்பிப் போவது சூதாட்டம்.

ஆணையங்கள் எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு இரண்டு தீர்ப்புகள் அளவுகோல். கொல்கத்தாவில் ஒரு வாடிக்கையாளரின் லாக்கரை அவருக்குத் தகவல் தராமலே யுனைடெட் வங்கி உடைத்துவிட்டது. வாடகை பாக்கி என்பது வங்கி சொன்ன காரணம். நுகர்வோர் மன்றத்தில் தொடங்கிய வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. 2021 பிப்ரவரியில் ரூ. 5 லட்சம் இழப்பீடு தரச் சொன்ன உச்ச நீதிமன்றம், லாக்கருக்குள் என்ன இருந்தது என்ற சர்ச்சையை மட்டும் சிவில் நீதிமன்றத்துக்கு விட்டது. ஆறு மாதத்துக்குள் லாக்கர் விதிகளை வகுக்கும்படி ரிசர்வ் வங்கிக்கும் உத்தரவிட்டது. அந்த ஆகஸ்டில் வந்த விதிகளின்படி தீ, திருட்டு, ஊழியர் மோசடி போன்றவற்றால் இழப்பு ஏற்பட்டால் ஆண்டு வாடகையைப் போல் நூறு மடங்கு வரை வங்கி பொறுப்பு. ஒரு தனி ஆளின் புகார் நாடு முழுக்க விதியை மாற்றியது.

மறுபக்கமும் இருக்கிறது. கும்பகோணத்தைத் தலைமையகமாகக் கொண்ட சிட்டி யூனியன் வங்கியில், ரூ. 8 லட்சத்துக்கான இரண்டு டிமாண்ட் டிராஃப்டுகள் தவறான கணக்கில் வரவு வைக்கப்பட்டதாக வழக்கு. மாநில ஆணையமும் தேசிய ஆணையமும் வாடிக்கையாளர் பக்கம் நின்றன. 2023 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவுகளை ரத்து செய்தது. நுகர்வோர் ஆணையத்தில் நடப்பது சுருக்க விசாரணை. மோசடி, ஏமாற்று வேலை என்று கடுமையாக மறுக்கப்படும் உண்மைகளை அங்கே தீர்க்க முடியாது என்பது காரணம். 'சேவைக் குறைபாடு' தாளிலேயே தெரிந்தால் நுகர்வோர் ஆணையம் நல்ல இடம். யார் கையெழுத்தைப் போட்டது, யார் கூட்டுச் சேர்ந்தது என்று சாட்சிகளை நிறுத்திக் குறுக்கு விசாரணை செய்ய வேண்டியிருந்தால் சிவில் நீதிமன்றம்தான்.

மூன்றாவது கதவு: சிவில் நீதிமன்றம்

இங்கே நீதிமன்றக் கட்டணம் உண்டு, வக்கீல் வேண்டும், காலமும் ஆகும். பொதுவாக மூன்றாண்டுகளுக்குள் வழக்குப் போட வேண்டும். ஆனால் முழு சாட்சி விசாரணை கிடைக்கும். பிரேசில் ஏடிஎம் விவகாரம் ஜெயித்தது இந்த வழியில்தான்.

வாடிக்கையாளருக்குச் சாதகமான பழைய சட்டக் கொள்கை ஒன்றும் இங்கே துணை நிற்கிறது. கனரா வங்கி வழக்கில் 1987இல் உச்ச நீதிமன்றம் சொன்னது: போலிக் கையெழுத்திட்ட காசோலைக்குப் பணம் கொடுக்க வங்கிக்கு அதிகாரமே இல்லை, பாஸ் புத்தகத்தைச் சரிபார்க்காமல் சும்மா இருந்தார் என்பதற்காக வாடிக்கையாளர் தன் பணத்தை இழக்க வேண்டியதில்லை.

செலவுக்குப் பயந்து ஒதுங்க வேண்டியதும் இல்லை. பெண்கள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், வருமானம் குறைந்தோர் ஆகியோருக்கு 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டப்படி இலவச வக்கீல் உண்டு. தாலுகா அளவிலேயே குழு இருக்கிறது. 15100 என்ற எண்ணில் விசாரிக்கலாம். தோட்டத் தொழிலாளிப் பெண் ஒருவருக்கு, அவரது வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இந்த உதவி கிடைக்க வேண்டும்.

நான்காவது கதவு: உயர் நீதிமன்றம்

ரிட் மனு என்றதும் எல்லாவற்றுக்கும் அதுவே மருந்து என்று நினைப்பவர்கள் உண்டு. அப்படியல்ல. தனியார் வங்கி 'அரசு' ஆகாது, அதன் மீது பொதுவாக ரிட் செல்லாது என்று கேரளத்திலிருந்து போன ஃபெடரல் வங்கி வழக்கில் 2003இல் உச்ச நீதிமன்றம் தீர்த்துவைத்துவிட்டது. பொதுத்துறை வங்கி மீதும், ரிசர்வ் வங்கியின் அங்கமான குறைதீர்ப்பாளரின் உத்தரவு மீதும் ரிட் போடலாம். காரணம் சொல்லாத உத்தரவு, உங்கள் தரப்பைக் கேட்காத உத்தரவு, விதியையே பார்க்காத உத்தரவு என்றால் வலுவான வழக்கு.

அசாமில் அப்படித்தான் நடந்தது. இணையத்தில் வாங்கிய ஒரு துணியைத் திருப்பித் தர முயன்றவருக்கு, கடையின் வாடிக்கையாளர் சேவையிலிருந்து பேசுவதாகச் சொல்லி 2021 அக்டோபரில் ஒரு போன் வந்தது. ரூ. 94,204.80 போய்விட்டது. 24 மணி நேரத்துக்குள் அவர் வங்கியிடம் தெரிவித்துவிட்டார். ஸ்டேட் வங்கி பொறுப்பேற்க மறுத்தது. போலீஸ், சைபர் பிரிவு, ரிசர்வ் வங்கிக் குறைதீர்ப்பாளர் என்று போய்ப் பார்த்தும் நிவாரணம் கிடைக்கவில்லை. குவஹாத்தி உயர் நீதிமன்றம் அவருக்குப் பணத்தைத் திருப்பித் தரச் சொன்னது. உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் ஜே.பி. பர்திவாலா, ஆர். மகாதேவன் அமர்வு 2025 ஜனவரி 3 அன்று வங்கியின் மனுவைத் தள்ளுபடி செய்தது. வாடிக்கையாளர்களும் ஓடிபியை யாரிடமும் சொல்லாமல் விழிப்பாக இருக்க வேண்டும் என்று அதே உத்தரவில் அறிவுறுத்தியது.

அவரைக் காப்பாற்றியது 24 மணி நேரம். 2017 ஜூலை 6 அன்று ரிசர்வ் வங்கி வெளியிட்ட அறிவுறுத்தலின்படி, வங்கியிடமும் தவறில்லை, வாடிக்கையாளரிடமும் தவறில்லை, மூன்றாவது இடத்தில் தவறு நடந்தது என்றால், மூன்று வேலை நாட்களுக்குள் தெரிவித்தவருக்கு நஷ்டமே கிடையாது. நான்கு முதல் ஏழு நாள் என்றால் சாதாரண சேமிப்புக் கணக்குக்கு அதிகபட்சம் ரூ. 10,000 நஷ்டம். வாடிக்கையாளர் மீதுதான் தவறு என்று நிரூபிக்க வேண்டிய பொறுப்பு வங்கியுடையது. 'நீங்கள் ஓடிபி கொடுத்திருப்பீர்கள்' என்று ஒரு வரியில் எழுதி அனுப்பும் மறுப்புக் கடிதம் அந்த நிரூபணம் ஆகாது. புகார் எழுதும்போது இப்படி விதியையும் தேதியையும் குறிப்பிட்டால், கடிதத்தைப் படிக்கும் அதிகாரியின் தோரணையே மாறும்.

கூட்டுறவுக்கு வேறு கணக்கு

மலைப் பகுதிகளில் பலரது சேமிப்பு இருப்பது சர்வீஸ் கூட்டுறவு வங்கிகளில். பெயரில் 'வங்கி' இருந்தாலும் சட்டப்படி இவை தொடக்கக் கூட்டுறவுச் சங்கங்கள். ரிசர்வ் வங்கிக் குறைதீர்ப்பாளரின் கை இங்கே எட்டாது. இவற்றின் டெபாசிட்டுகளுக்கு டெபாசிட் காப்பீட்டுக் கழகத்தின் பாதுகாப்பு இல்லை என்று 2021 நவம்பரில் ரிசர்வ் வங்கியே பொதுமக்களை எச்சரித்தது. அதே ஆண்டு ஜூலையில் திருச்சூர் மாவட்டத்தின் கருவன்னூர் சர்வீஸ் கூட்டுறவு வங்கி மோசடி வெளிவந்தபோது, போட்ட பணத்தைக் கேட்டு முதலீட்டாளர்கள் அலைந்ததை நாடே பார்த்தது.

இங்கே பரிகாரம் இரண்டு. 1969ஆம் ஆண்டின் கேரளக் கூட்டுறவுச் சங்கச் சட்டம் 69ஆம் பிரிவின்படி பண விவகாரத்தைப் பதிவாளரிடம் கொண்டுபோகலாம். அல்லது நுகர்வோர் ஆணையத்துக்குப் போகலாம். 'கூட்டுறவுச் சட்டம் இருக்கிறது, நுகர்வோர் மன்றத்துக்கு அதிகாரமில்லை' என்று சங்கங்கள் சொல்லும் வாதத்தை, தமிழ்நாட்டின் திருமுருகன் கூட்டுறவு வேளாண் கடன் சங்க வழக்கில் 2003 டிசம்பரிலேயே உச்ச நீதிமன்றம் நிராகரித்துவிட்டது. நெல் மூட்டைகளை அடகு வைத்துக் கடன் வாங்கிய உறுப்பினர்கள் தொடுத்த வழக்கு அது.

கடன் வாங்கியவருக்கு

வீட்டையோ நிலத்தையோ வங்கி கைப்பற்ற வரும்போது மேலே சொன்ன பாதைகள் பெரும்பாலும் உதவாது. சர்ஃபாசி சட்டத்தின் கீழ் வரும் நோட்டீசுக்கு 60 நாள். அதற்குள் ஆட்சேபணை எழுதினால் 15 நாட்களுக்குள் வங்கி காரணத்துடன் பதில் தர வேண்டும். பதில் மறுப்பாக இருந்தாலும் அப்போதே வழக்குப் போட முடியாது. கைப்பற்றும் நடவடிக்கை எடுத்த பிறகு 45 நாட்களுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்தை அணுக வேண்டும். கேரளத்துக்கு அது எர்ணாகுளத்தில் இருக்கிறது. சிவில் நீதிமன்றம் இதில் தலையிடச் சட்டத்தில் தடை உண்டு. தீர்ப்பாயம் இருக்கும்போது உயர் நீதிமன்றங்கள் ரிட்டில் குறுக்கிடக் கூடாது என்று, கேரள உயர் நீதிமன்றத்திலிருந்து போன சவுத் இந்தியன் வங்கி வழக்கில் 2023 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் கண்டிப்பாகவே சொன்னது. ஏலத் தோட்டக்காரர்கள் நினைவில் வைக்க வேண்டிய ஒன்று: விவசாய நிலத்தின் மீது இந்தச் சட்டத்தைப் பயன்படுத்த முடியாது. உண்மையில் விவசாயம் நடக்கிறது என்பதற்கான ஆதாரம் கையில் இருக்க வேண்டும்.

கடனை அடைத்தவருக்கும் உரிமை இருக்கிறது. கடன் முழுதும் தீர்ந்த 30 நாட்களுக்குள் அசல் சொத்துப் பத்திரங்களைத் திருப்பித் தராவிட்டால், தாமதமாகும் ஒவ்வொரு நாளுக்கும் ரூ. 5,000 தர வேண்டும் என்று 2023 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. ஏடிஎம்மில் பணம் வராமல் கணக்கில் மட்டும் கழிந்தால் ஐந்து நாட்களுக்குள் திரும்ப வர வேண்டும். அதற்குப் பிறகு நாளொன்றுக்கு ரூ. 100 என்பது 2019 செப்டம்பர் விதி. கேட்பவருக்கே இவை கிடைக்கின்றன.

எது முதலில்?

வரிசை முக்கியம். முதலில் ஆணையத்துக்கோ நீதிமன்றத்துக்கோ போய்விட்டால் குறைதீர்ப்பாளரின் கதவு அடைபடும். குறைதீர்ப்பாளரிடம் போய் ஏமாந்தால் மற்ற கதவுகள் திறந்தே இருக்கும். ஆகவே செலவில்லாத கதவை முதலில் தட்டுவதே புத்திசாலித்தனம். தட்டிய தேதியைக் காலண்டரில் குறித்துக்கொண்டு, அங்கே முடிவு இழுத்தடித்தால் இரண்டாண்டுக் கெடு முடிவதற்குச் சில மாதம் முன்பாகவே நுகர்வோர் மனுவைத் தயார் செய்துவிட வேண்டும். சர்ஃபாசி நோட்டீஸ் மட்டும் விதிவிலக்கு. அதில் குறைதீர்ப்பாளரிடம் போய் நாள் கழித்தால் 45 நாள் ஓடிவிடும்.

கையில் இருக்க வேண்டியவை அதிகமில்லை: புகாரின் முத்திரையிட்ட நகல், புகார் எண், வங்கியின் மறுப்புக் கடிதம், சம்பந்தப்பட்ட மாதங்களின் கணக்கு விவரம், எஸ்எம்எஸ்களின் படம், மோசடி என்றால் 1930 எண்ணில் தெரிவித்ததற்கான ஒப்புகையும் போலீஸ் ரசீதும். இவற்றை ஒரு கவரில் போட்டுத் தேதி வாரியாக அடுக்கி வைத்தால் பாதி வழக்கு முடிந்த மாதிரி.

வங்கிகளுக்குச் சட்டத் துறை இருக்கிறது, வக்கீல்கள் பட்டியல் இருக்கிறது, காத்திருக்க நேரமும் இருக்கிறது. ஒரு தினக்கூலிக்காரருக்கு நீதிமன்றத்தில் ஒரு நாள் என்றால் ஒரு நாள் கூலி போச்சு. இந்த ஏற்றத்தாழ்வைச் சட்டம் முழுதாகச் சரிசெய்துவிடவில்லை. ஆனால் கட்டணமில்லாத புகார், சொந்த ஊரில் வழக்கு, நிரூபிக்கும் சுமை வங்கி மேல் என்று சில சலுகைகளைச் சாதாரண வாடிக்கையாளருக்குத் தந்திருக்கிறது. மறுப்புக் கடிதத்தைக் கிழித்துப் போடாமல் பத்திரப்படுத்துகிறவருக்கே அவை பயன்படும்.